மூன்று கால் வந்த வாரம்

எங்கள் ஊரில் நிலம் போவதற்கு முன் மூன்று கால் வரும். மூன்று கால் என்றால் சர்வேக்காரர்கள் ஊன்றும் ஸ்டாண்டு. எழுபதுகளில் ஓசூரை ஒட்டித் தொழிற்பேட்டைக்கு இடம் எடுத்தபோது ஜனங்கள் முதலில் பார்த்தது அதைத்தான். வரப்பில் ஸ்டாண்டை ஊன்றி, அதன் தலையில் ஒரு கருவியை வைத்து, ஒருவர் ஒற்றைக் கண்ணால் பார்த்தார். தூரத்தில் இன்னொருவர் சிவப்பும் வெள்ளையும் அடித்த கோலைப் பிடித்துக்கொண்டு நின்றார். என்ன பார்க்கிறீர்கள் என்று கேட்டவர்களுக்கு ‘சும்மா’ என்று பதில் வந்தது. அவர்கள் சும்மா பார்த்துவிட்டுப் போன இடத்தில் சில வருடங்களில் ஷிப்டுக்குச் சங்கு ஊதியது. அதன்பிறகு உத்தனப்பள்ளிப் பக்கம் யார் மூன்று காலைத் தூக்கிக்கொண்டு வந்தாலும், அது கல்யாணத்துக்குப் போகும் போட்டோக்காரராக இருந்தாலும், நிறுத்தி விசாரிக்காமல் விட மாட்டார்கள்.

எண்பதுகளின் கடைசியில் ஒரு சித்திரை மாதம். நான் ஓசூரில் ஒரு ஃபேக்டரியில் கிரைண்டிங் மெஷின் ஓட்டிக்கொண்டிருந்தேன். மனைவியோடு மத்திகிரியில் வாடகை வீடு. ஊரில் அப்பா மட்டும் இருந்தார். வீட்டில் தெலுங்கு பேசுகிறவர்கள் நாங்கள். அவரை நைனா என்றுதான் கூப்பிடுவோம். ஒருநாள் டீ இடைவேளையில், எங்கள் ஊரிலிருந்து அதே ஃபேக்டரிக்கு வரும் ஒருவர் என்னை ஓரமாகக் கூட்டிக்கொண்டு போனார்.

“உங்க நைனா உன்ன ஒடனே வரச் சொன்னாரு. மூணு காலு வந்துருக்குது. உங்க மேட்டு நெலத்துலதான் ஊனியிருக்காங்க.”

கேட்டதும் வேறு யாராக இருந்தாலும் நிலம் போகிறதே என்று பயந்திருப்பார்கள். என் பயம் வேறு. மூன்று மாதத்துக்கு முன்னால், நைனா சந்தைக்குப் போயிருந்த நேரத்தில், அவருடைய தகரப் பெட்டியைத் திறந்து, ரோட்டை ஒட்டிய அந்த இரண்டு ஏக்கர் மேட்டு நிலத்தின் பத்திரத்தை எடுத்து, ஓசூரில் ஜெராக்ஸ் போட்டு, ஒரு நிலத் தரகரிடம் கொடுத்திருந்தேன். அசலை அடுத்த வாரமே கொண்டுபோய் வைத்துவிட்டேன். விலை என்ன போகும் என்று தெரிந்துகொள்ளத்தான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். தரகர் விஷயமறிந்தவர். “அசல மட்டும் கொண்டாந்துடுங்க. பெரியவருதானே, கைநாட்டுதானே, மத்தத நான் பார்த்துக்கறேன்” என்றார். அந்த மற்றது என்னவென்று நான் கேட்கவில்லை. கேட்டால் தெரிந்துவிடும், தெரிந்துவிட்டால் வேண்டாம் என்று சொல்ல வேண்டியிருக்கும். மத்திகிரியில் ஒரு மனை வாங்கி, ஆறு வீட்டுக்கு ஒரு குழாய் என்ற வாழ்க்கையிலிருந்து தப்பிப்பதுதான் அப்போது எனக்கு முக்கியமாக இருந்தது.

ஆகவே மூன்று கால் என்றதும் தரகர்தான் என்று முடிவுகட்டிவிட்டேன். அசல் வருவதற்குள் அளக்க ஆள் அனுப்பிவிட்டான், பாவி. சூப்பர்வைசரிடம் அப்பாவுக்கு நெஞ்சுவலி என்று சொல்லி மூன்று நாள் விடுப்பு வாங்கினேன். அவர் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, “போன மாசந்தான உங்க அப்பாவுக்கு இடுப்பு உடைஞ்சுது?” என்று கேட்டார். எங்கள் ஊர் வழியாகப் போகும் ராயக்கோட்டை பஸ்ஸில் ஏறி உட்கார்ந்த பிறகுதான் வியர்வையைத் துடைத்தேன்.

மேட்டு நிலத்தில் ஒரு ஜீப் நின்றது. கர்நாடக நம்பர். பக்கத்தில் மூன்று கால். அதன் தலையில் இருந்தது சர்வே கருவி இல்லை, கேமரா. எனக்கு உயிர் வந்தது. ஆனால் ஊர் அப்படி நினைக்கவில்லை. கேமரா வழியாகவும் ஒற்றைக் கண்ணால்தானே பார்க்கிறார்கள் என்பது ஊரின் வாதம்.

வந்திருந்தவர்கள் மூன்று பேர். பெங்களூரிலிருந்து வந்த, நாற்பது வயது மதிக்கத்தக்க ஒரு அம்மா. நூல் புடவைக்குக் கேன்வாஸ் ஷூ போட்டிருந்தார். வாயே திறக்காத கேமராக்காரர் ஒருவர். காதில் ஹெட்போன் மாட்டி, நீண்ட குச்சியின் நுனியில் அணில்போல் உரோமம் வைத்த மைக்கைப் பிடித்துக்கொண்டு இன்னொருவர். இந்த எல்லைப் பகுதி ஜனங்கள் தினசரி எப்படி வாழ்கிறார்கள், தங்களை யார் என்று நினைக்கிறார்கள் என்பதைப் பற்றி ஒரு டாக்குமெண்டரி எடுப்பதாக அந்த அம்மா நிதானமான தமிழில் விளக்கினார். என் பெரியப்பாவுக்கு அது கொஞ்சமும் ஒட்டவில்லை.

“படம்னா ஆக்டருங்க எங்கம்மா?”

“நீங்கதாங்க.”

“எங்களப் பாக்க எவன் டிக்கெட் எடுப்பான்?”

“டிக்கெட் எல்லாம் இல்லீங்க. சும்மா போட்டுக் காட்டுவோம்.”

அந்த ‘சும்மா’வைக் கேட்டதும் கூட்டத்தில் நாலு பேர் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். பெரியப்பா விடவில்லை. “டிக்கெட்டே இல்லாத படத்துக்கு அந்த ஜீப்புக்குப் பெட்ரோலு யாரு போடறாங்க?” என்றார். அந்த அம்மா ஏதோ ஒரு அறக்கட்டளை, அதன் உதவி என்று சொன்னார். நாலு எழுத்துப் படித்த எனக்கே புரியவில்லை.

சாயங்காலம் மாரியம்மன் கோயில் முன்னால் ஊர் கூடியது. வந்தவர்கள் பத்தடி தள்ளி உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார்கள். எங்கள் ஊரில் அதிகாரி யார் வந்தாலும் ஒரு வழக்கம் உண்டு: அவரிடம் தமிழில் பேசுவோம், அவரைப் பற்றித் தெலுங்கில் பேசுவோம். அன்றைக்கும் அப்படித்தான், அவர்கள் காதுபடவே தெலுங்கில் பேசினோம். கம்பெனிக்கு நிலம் தேடும் ஆட்கள்தான் என்றார்கள் சிலர். இந்தப் பக்கத்து கிராமங்களை கர்நாடக ராஜ்ஜியத்தில் சேர்க்கக் கணக்கெடுக்கிறார்கள் என்றார்கள் சிலர். கடைசியில் இரண்டு முடிவுகள் எடுத்தார்கள். கேமரா முன்னால் யாரும் தமிழைத் தவிர வேறு பாஷை பேசக் கூடாது. இரண்டாவது, நிலம் எதுவும் சும்மா கிடப்பதாகப் படத்தில் தெரியக் கூடாது. தரிசு என்று எழுதிவிட்டால் எடுத்துக்கொள்வது சுலபம்.

சித்திரையில் எங்கள் பக்கம் எல்லா நிலமும் சும்மாதான் கிடக்கும். ராகி அறுத்துப் பல மாதம் ஆகியிருக்கும், கிணற்றடியில் தக்காளி போட்டவர்கள் இரண்டு மூன்று பேர், அவ்வளவுதான். மழையும் இல்லை. ஆனாலும் மறுநாள் காலையில் எங்கள் ஊரைப் பார்த்திருந்தால் ஆடிப்பட்டம் என்று நினைத்திருப்பீர்கள். கெலமங்கலத்திலிருந்து பெரியப்பாவின் சம்பந்தி வீட்டு மாடு ஒரு ஜோடி வந்தது. கேமரா எந்த நிலத்துக்குப் போகிறதோ அதற்கு முன்னாலேயே குறுக்கு வழியில் அந்த ஜோடியை ஓட்டிக்கொண்டு போய் ஏரில் பூட்டினார்கள். காய்ந்த மண்ணில் ஏர்க்கொழு இறங்கவே இல்லை. புழுதி மட்டும் கிளம்பியது. பெண்கள் ஒரே தக்காளிப் பாத்தியில் இருபது பேர் உட்கார்ந்து, இல்லாத களையைப் பிடுங்கினார்கள். இரண்டு நாள் இந்தக் கூத்து நடந்தது. இரண்டாம் நாள் மாலையில் அந்த அம்மா கேமராவை மூடச் சொல்லிவிட்டுப் பெரியப்பாவிடம் வந்தார்.

“ஐயா, அந்த ஒத்தக் கொம்பு மாட்டுக்குக் கொஞ்சம் தண்ணி காட்டுங்க. ஏழு வயல் உழுதிருச்சு, பாவம்.”

அதையும் நல்ல தெலுங்கில் சொன்னார்.

பெரியப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போனவர், மூன்று நாள் அந்த அம்மா முகத்தில் விழிக்கவில்லை. எனக்குச் சிரிப்பு வந்தது. பிறகு அது நின்றுபோயிற்று. கோயில் முன்னால் நாங்கள் பேசிய அத்தனையும் இவருக்குப் புரிந்திருக்கிறது. புரிந்தும் டீயை ஊதி ஊதிக் குடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இப்படி ஒரு ஆள் வேறு எதையெல்லாம் தெரிந்துவைத்துக்கொண்டு தெரியாத மாதிரி இருக்கிறாரோ? தரகரை இவருக்குத் தெரியுமா? நான் ஃபேக்டரியில் வேலை செய்வதால்தான் படத்துக்கு எங்கள் வீட்டைக் கேட்டாரா? கம்பெனிக்காரர்கள் அனுப்பிய ஆளாக இருந்தால் ஃபேக்டரியில் நாங்கள் ரகசியமாக யூனியன் தொடங்கப் பேசிக்கொண்டிருந்ததையும் என் வாயிலிருந்து பிடுங்கிவிடுவாரே?

அவருக்கு எங்கள் வீடு பிடித்துப்போனது வேறு காரணத்துக்காக. அப்பா உழுகிறார், மகன் மெஷின் ஓட்டுகிறான், நடுவில் ஒரு பஸ் ஓடுகிறது. இதைத்தான் படத்தின் நடுவில் வைக்கப் போவதாகச் சொன்னார். என் வார விடுமுறை நாளில் வந்தார்கள். நானும் நைனாவும் களி சாப்பிடுவதை எடுத்தார்கள். மைக் எங்கள் தலைக்கு மேலே தொங்கிக்கொண்டிருந்தது.

“இந்த நிலத்தை விக்கற யோசனை எப்பவாவது வந்திருக்கா?” என்று அந்த அம்மா என்னைக் கேட்டார்.

நான் விட்டேன் பாருங்கள் ஒரு வசனம். நிலம் எங்களுக்குத் தாய் மாதிரி என்றேன். தாயை விற்பவன் உண்டா என்றேன். என் உயிர் இருக்கும்வரை ஒரு பிடி மண்ணைக்கூட வெளி ஆளுக்கு விடமாட்டேன் என்று நெஞ்சில் கை வைத்துச் சொன்னேன். கொட்டகையில் படம் பார்த்து வளர்ந்தவன். சொல்லிக்கொண்டே போக வந்தது. நைனா தலையைத் தூக்கவே இல்லை. தட்டில் பாதிக் களி இருக்கும்போதே எழுந்து கை கழுவப் போய்விட்டார். சாப்பாட்டைப் பாதியில் விடுகிற மனிதர் இல்லை அவர்.

அப்போதுதான் எனக்குச் சந்தேகம் தட்டியது. அவருக்குத் தெரியுமா?

படக்காரர்கள் அவரைக் கிணற்றுப் பக்கம் கூட்டிக்கொண்டு போனதும் நான் உள்ளே போய்ப் பெட்டியைத் திறந்தேன். பார்க்கத்தான் திறந்தேனா, எடுக்கத்தான் திறந்தேனா என்று கேட்டால் இப்போதும் என்னால் நேராகப் பதில் சொல்ல முடியாது. பத்திரம் வைக்கும் மஞ்சள் பையைக் காணோம். இறந்துபோன என் அம்மாவின் பழைய புடவை, ரேஷன் கார்டு, வரி ரசீதுகள் எல்லாம் இருந்தன. பை இல்லை. மூடியைச் சத்தமில்லாமல் மூடிவிட்டு அங்கேயே குந்தியிருந்தேன். பத்திரம் எங்கே என்று கேட்க முடியாது. கேட்டால், நீ எதற்குப் பெட்டியைத் திறந்தாய் என்பார். அவரும் என்னைக் கேட்கவில்லை. ஒரே கூரையின் கீழ் இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் துப்பறிந்துகொண்டு, மோர் வேண்டுமா, போதுமா என்று பேசிக்கொண்டிருந்தோம்.

நான் வேலைக்குத் திரும்பிவிட்டேன். படக்காரர்கள் இன்னும் நாலு நாள் ஊரில் இருந்தார்கள். அந்த நாலு நாளும் எனக்கு மெஷினில் கவனம் இல்லை. பையை எடுத்தது பெரியப்பாவாக இருக்குமோ என்று நினைத்தேன். தரகரே வேறு வழியில் அசலை வாங்கிவிட்டாரோ என்று நினைத்தேன். நைனா அந்த அம்மாவிடம் கொடுத்து வைத்திருப்பாரோ என்றுகூடத் தோன்றியது. ஆளை அறியாத பெண்ணிடம் பத்திரத்தைக் கொடுப்பார்களா? பெற்ற மகனை நம்பாதவர் கொடுக்கக்கூடும்.

பிறகு அவர்கள் என் மத்திகிரி வீட்டை எடுக்க வந்தார்கள். குழாயடி வரிசை, ஷிப்ட் முடிந்து ஆட்கள் வருவது, மாட்டுப் பண்ணை வாசலில் டவுன் பஸ் திரும்புவது எல்லாம் எடுத்தார்கள். என் மனைவியிடம், உங்களை நீங்கள் எந்த ஊர்க்காரியாக நினைக்கிறீர்கள் என்று கேட்டார் அந்த அம்மா. “எந்தப் பக்கத்து பஸ்ஸு மொதல்ல வருதோ அந்தப் பக்கத்து ஆளு நாங்க” என்றாள் அவள், குடத்தை இறக்காமலே. நான் பேசிய வசனம் அத்தனையும் இந்த ஒரு வரிக்கு முன்னால் நிற்காது என்று அப்போதே தெரிந்தது.

ஜீப்பில் சாமான்களை ஏற்றும்போது நான் அந்த அம்மாவின் பக்கத்தில் போய் நின்றேன்.

“எங்க நைனா உங்ககிட்ட என்னங்க பேசினாரு?”

“நிறையப் பேசினார்.”

“நெலத்தப் பத்தியா?”

அவர் ஜீப்பில் ஏறி உட்கார்ந்தார். “படம் முடிஞ்சதும் ஓசூர்லயே போட்டுக் காட்டுவேன். அப்பாவோட வாங்க” என்றார்.

அதன்பிறகு வந்த எட்டு ஒன்பது மாதத்தை நான் எப்படிக் கழித்தேன் என்று எனக்குத்தான் தெரியும். தரகர் கேட்டுக்கொண்டே இருந்தார். பத்திரம் அடமானத்தில் இருக்கிறது என்று ஒரு பொய்யை அவிழ்த்துவிட்டேன். அவர் நம்பவில்லை என்பது அவர் தலையாட்டிய விதத்திலேயே தெரிந்தது. ஊருக்குப் போகும்போதெல்லாம் நைனா வழக்கம்போலவே இருந்தார். அது இன்னும் மோசமாக இருந்தது. பரணில், அரிசிப் பானையில், சாமி படத்துக்குப் பின்னால் எல்லாம் தேடிவிட்டேன். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அவர் தலையணையையும் பிரித்துப் பார்த்தேன்.

தை மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, ஓசூரில் ஒரு கல்யாண மண்டபத்தில் படம் போட்டார்கள். ஜன்னல்களுக்கு ஜமக்காளம் தொங்கவிட்டு இருட்டாக்கியிருந்தார்கள். எங்கள் ஊரிலிருந்து ஒரு வேன் நிறைய வந்திருந்தார்கள், தங்கள் முகத்தைப் பார்க்க. நைனா வெள்ளைச் சட்டை போட்டு வந்து என் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தார்.

படம் நன்றாகத்தான் இருந்தது, சும்மா சொல்லக் கூடாது. காலைச் சங்கு, அத்திப்பள்ளி செக்போஸ்ட்டில் லாரி வரிசை, சந்தையில் ஒரே பேரத்தில் மூன்று பாஷை பேசும் கிழவி. எங்கள் ஒத்தக் கொம்பு மாடு ஏழு வயலிலும் வந்தது; சிரிப்பில் மண்டபமே அதிர்ந்தது, பெரியப்பாவும் சிரித்துவிட்டார். பிறகு நான் வந்தேன். நெஞ்சில் கை வைத்து, தாய் என்றேன், மண் என்றேன். பின்வரிசையில் யாரோ கை தட்டினார்கள்.

அந்தக் கைதட்டல் முடியும் முன்பே படத்தில் நைனா வந்தார். கிணற்று மேட்டில் உட்கார்ந்திருந்தார். நான் ஃபேக்டரியில் இருந்த நாள் அது. ஊர்க் கட்டுப்பாட்டை மீறித் தெலுங்கில் பேசினார். மண்டபத்தில் யாருக்கும் யாரும் மொழிபெயர்க்க வேண்டியிருக்கவில்லை.

நிலம் போய்விடும் என்று யாரைப் பார்த்துப் பயப்படுகிறீர்கள் என்று அந்த அம்மாவின் குரல் கேட்டது. “நா கொடுக்கே” என்றார் நைனா. என் மகனைப் பார்த்துத்தான்.

அவர் மேலே பேசினார். கவர்மெண்ட்டுக்காரன் வந்தால் ஜீப்பில் வருவான், ஊருக்கே தெரியும், நாலு பேர் சேர்ந்து கேட்கலாம். என் மகன் செருப்பை வாசலில் கழற்றிவிட்டு வருவான், நான் போட்ட சோற்றைத் தின்பான், அப்புறம் பெட்டியைத் திறப்பான். பைக்கு முடிச்சு போடுவது நான், நான் பீச்சாங்கைக்காரன், என் முடிச்சு ஒரு பக்கம்தான் விழும். ஒருநாள் அது மறுபக்கம் விழுந்திருந்தது. அன்றைக்கு ராத்திரி எனக்குச் சோறு இறங்கவில்லை.

அதைச் சொல்லும்போது அவர் குரலில் கோபமே இல்லை. கோபம் இருந்திருந்தால் நான் தாங்கியிருப்பேன்.

இதை நீங்கள் மகனிடமே கேட்டிருக்கலாமே என்றது அந்த அம்மாவின் குரல். நைனா கிணற்றுப் பக்கம் திரும்பிக்கொண்டார். கேமரா அவரை விட்டு நகரவில்லை.

“கேட்டா இல்லன்னு சத்தியம் பண்ணுவான்மா,” என்றார். “எம் புள்ளையப் பொய் சத்தியம் பண்ண வைக்கக் கூடாது.”

படம் அதன்பிறகும் ஓடியது. என்ன ஓடியது என்று எனக்குத் தெரியாது. முன்வரிசையில் இருந்தவர்கள் திரும்பித் திரும்பிப் பார்த்தார்கள். பக்கத்து நாற்காலியில் என் அப்பா, திரையைவிட்டுக் கண்ணை எடுக்காமல் உட்கார்ந்திருந்தார்.

ஊர்க்காரர்களோடு வேனில் ஏற எனக்கு முகம் இல்லை. நான் பஸ் ஸ்டாண்டுக்கு நடந்தேன். நைனாவும் வேனை விட்டுவிட்டு என் பின்னாலேயே வந்தார். அங்கே நின்று ஒருவழியாகச் சொன்னேன்.

“ஜெராக்ஸ் நான்தான் குடுத்தேன், நைனா.”

“தெரியும்.”

“இனிமே அந்த ஆளு பக்கம் போக மாட்டேன்.”

ராயக்கோட்டை பஸ் வந்து நின்றதும் நைனா கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு திரும்பினார். “பைய திரும்பப் பெட்டியிலயே வச்சுட்டேன்” என்றார். “நம்ம வூட்டுல நீ திருடன் மாதிரி தேடிக்கிட்டு இருந்தத என்னால பாக்க முடியல.”

பஸ் போய்விட்டது. நான் அங்கேயே, அத்தனை ஜனத்துக்கு நடுவில், அழுதேன். தரகரிடம் அன்றைக்கே போய் வியாபாரம் இல்லை என்று சொன்னேன். அந்த இரண்டு ஏக்கரை நைனா இருந்தவரை யாரும் தொடவில்லை. எங்களுக்கு மத்திகிரி வாடகை வீடுதான் இன்னும் பல வருடம்.

ஆனால் ஒன்றை என் மனைவியிடம்கூடச் சொன்னதில்லை. அடுத்த வாரம் நான் ஊருக்குப் போனேன். செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனேன், சாப்பிட்டேன், அவர் மாட்டை அவிழ்க்கப் போகும்வரை காத்திருந்தேன். பை பெட்டியில்தான் இருக்கிறதா என்று திறந்து பார்த்தேன். இருந்தது. இந்தத் தடவை அதற்கு முடிச்சே போட்டிருக்கவில்லை.